சின்னவள் தாமதித்த ஆண்டு

ஏப்ரல் 20, திங்கள்

இன்று காலை 11.20க்கு உறுதியானது: தூத்துக்குடிக்குத் தெற்கே உள்ள கீழமுனையின் 412 குடும்பங்களும் மே 15க்குள் ஊரைக் காலி செய்ய வேண்டும். ஆதாரம், துணை ஆட்சியர் அலுவலகச் சுற்றறிக்கை. இரண்டு பக்கம், மூன்று இணைப்பு. நம் இரண்டாம் நிலவான சின்னவளிலிருந்து உடைந்துபோன துண்டு ஒன்று ஜூன் கடைசியில் அந்தக் கரையில் விழக்கூடும் என்று வான்பொருள் இடர்க் குழு கணித்திருக்கிறது.

துண்டை இதுவரை எவரும் பார்த்ததில்லை. அது இருந்தாக வேண்டும் என்பது கணக்கு. 1993ஆம் ஆண்டு சின்னவள் சூரியனைக் கடந்த ஐந்து முறையும் நான்கு நிமிடம் தாமதமாக வந்தாள். முந்தைய ஆண்டும் அடுத்த ஆண்டும் சரியான நேரம். ஆகவே ஏதோ ஒரு துண்டு உடைந்து, ஓராண்டு கூடவே சுற்றி, அவளைப் பின்னுக்கு இழுத்துப் பிடித்து, பிறகு விலகியிருக்கிறது என்கிறார்கள். விலகிய துண்டுதான் இப்போது திரும்புகிறதாம்.

மூன்றாம் இணைப்பு அந்த ஐந்து நேரங்களைத் தருகிறது. தலைப்பு: ‘ரெமிஜியூஸ் அட்டவணை’. ரெமிஜியூஸ் நான். 1998இல் பத்திரிகைத் தொடருக்காக, ஊர்ப் பெண்கள் அந்த நேரங்களை எழுதிய சீலைகளை நேரில் பார்த்துக் குறித்தது.

பிற்பகல் மின்விசிறி துடைத்தேன். ரத்த அழுத்த மாத்திரை நாளையோடு தீர்கிறது.

ஏப்ரல் 21, செவ்வாய்

செய்தி ஆசிரியர் கோமதிநாயகம் மதியம் கூப்பிட்டார். ‘சின்னவளும் நம் வாழ்வும்’ என்று எண்ணூறு சொல் வேண்டுமாம். மதுரையில் ஓய்வாக உட்கார்ந்திருக்கும் ஆளுக்கு இப்படி ஏதாவது வரும். குறிப்பாக எழுதி வைக்கிறேன்.

பெரிய நிலவு இரவுக்கு உரியது. சின்னவள் பகலுக்கு. கரியைப் போல இருண்ட உடம்பு, எழுபத்தைந்து கிலோமீட்டர் குறுக்களவு. இரவில் மங்கலான ஒரு நட்சத்திரம், அவ்வளவுதான். சூரியனின் முகத்தைக் கடக்கும்போதுதான் அவளுக்கு உருவம் வருகிறது. கறுப்பாக ஒரு மிளகு. ஒரு விளிம்பிலிருந்து மறு விளிம்புக்குப் பதினாறு நிமிடம். தென்கரையில் ஆண்டுக்கு நான்கைந்து கடப்பு தெரியும்.

கீழமுனைப் பெண்கள் அதை வரைந்து வைப்பார்கள். எதிர்வீட்டுச் சுவரில் ஒரு கண்ணாடி. அதன்மேல் மிளகளவு ஓட்டை போட்ட காகிதம். வெயில் அதில் பட்டுத் தெருவைத் தாண்டி நம் வீட்டு இருட்டறைக்குள் விழும். கட்டில் சட்டத்தில் வெள்ளைச் சீலை கட்டியிருக்கும். சீலையில் விழுந்த வட்டத்தை முதலில் கரியால் சுற்றி வரைவார்கள். மிளகு வந்ததும் அதன் பின்னாலேயே கரி போகும். முடிந்ததும் கோயில் கடிகாரப்படி தொடக்க நேரத்தை ஓரத்தில் எழுதுவார்கள். இப்படி நூற்றைம்பது ஆண்டுச் சீலைகள் அந்த ஊரில் இருக்கின்றன. சின்னவளின் பாதையை முதன்முதலில் சரியாகக் கணித்தவர்கள் இவற்றை வைத்துத்தான் கணித்தார்கள். வட்டத்தைக் குறுக்கே வெட்டும் சாய்கோடு பிறகு சேலைக் கரையில் ஏறியது, தோணியின் முன்முனையான அணியத்தில் ஏறியது, தபால்தலையிலும் ஏறியது. தூத்துக்குடி பேக்கரிகளில் மக்ரூனின் தலையில் ஒற்றை எள் வைப்பதும் அவளுக்காகத்தான்.

எழுநூற்று அறுபது சொல் ஆயிற்று. அனுப்பவில்லை.

ஏப்ரல் 23, வியாழன்

கோமதிநாயகம் மறுபடியும். “அண்ணாச்சி, நீரே அந்த ஊர்க்காரரு. போயி ரெண்டு நாள் இருந்து எழுதும். சனங்க காலி பண்ண மாட்டோம்னு கோயில் முன்னால உக்காந்திருக்காவளாம்.”

முழங்கால் வலி என்றேன்.

“கால் வலிக்கு பஸ்ஸு இருக்குல்லா. எழுதுதது கையாலதான?”

ஏப்ரல் 24, வெள்ளி

துண்டைக் கணித்தவர் முனைவர் நப்பின்னை. நாற்பது வயதுக்கு மேல் இருக்கும். நிதானமாகப் பேசுகிறவர். தொலைபேசியில் கேட்டேன்: கணக்கில் எதைச் சார்ந்தும் நிற்காத தனி ஆதாரம் எத்தனை?

“அஞ்சு சீலை சார். அந்த வருஷம் மத்த இடமெல்லாம் மேகம். கருவி எதுவும் பிடிக்கல. ஆனா அஞ்சு வீடு, அஞ்சு தடவை, இருபத்தஞ்சு பதிவு. எல்லாமே நாலு நிமிஷம். உங்க அட்டவணை இல்லைன்னா இந்தத் துண்டு இருக்கறதே எங்களுக்குத் தெரிஞ்சிருக்காது. உங்களுக்கு நன்றி சொல்லணும்னே நினைச்சிட்டு இருந்தேன்.”

ஐந்து வீடும் ஒரே தெரு என்று நான் சொல்லவில்லை. அவர் கேட்கவுமில்லை.

‘நேரில் பார்த்து’ என்று திங்களன்று எழுதியதைக் கொஞ்சம் விளக்க வேண்டும். இன்று நேரமில்லை. பேருந்துக்குச் சீட்டு எடுக்கப் போக வேண்டும்.

ஏப்ரல் 25, சனி. கீழமுனை

வந்து சேர்ந்தேன். காலை 10.35. கடைசியாக வந்தது 1991 ஈஸ்டருக்கு.

கோயில் முன்னால் பந்தல். நூறு பேருக்கு மேல், பாதி பெண்கள். வலை பின்னுகிறவர்கள் பின்னிக்கொண்டும், சீட்டாடுகிறவர்கள் ஆடிக்கொண்டும் இருந்தார்கள். பந்தலின் நடுவில் உட்கார்ந்து மீன் அரிந்துகொண்டிருந்தவர் சலேத் மதினி. என் அண்ணன் சவரியப்பனின் மனைவி. அறுபத்து நான்கு வயது, என்னைவிட ஒன்று குறைவு. முப்பத்தைந்து ஆண்டு கழித்துப் பார்க்கிறேன். அரிவாள்மணையிலிருந்து கை எடுக்கவில்லை.

“பேப்பர்காரரு வந்துட்டாரு. இன்னும் யாரும் சாவலியே கொழுந்தனாரே, அதுக்குள்ள வந்துட்டீரு?”

பந்தல் சிரித்தது. நானும் சிரித்தேன். வேறு என்ன செய்ய.

பாதிரியார் வீட்டு வெளியறையில் தங்க இடம் கொடுத்தார்கள். தண்ணீர் உப்பு. சோப்பு நுரைக்கவில்லை.

ஏப்ரல் 26, ஞாயிறு

பூசை முடிந்து மதினி வீட்டுக்குப் போனேன். 1993ஆம் ஆண்டுச் சீலையைப் பார்க்க வேண்டும் என்றேன்.

“எதுக்கு? நீருதான் பாத்துட்டீரே. ‘என் கண்ணாலேயே கண்டேன்’னு பெரிசா எழுதியிருந்தீரு. பள்ளிக்கூடப் புஸ்தகத்துலகூட இருக்கு. எங்க பிள்ளையள் சத்தம் போட்டு வாசிக்கும். அடுக்களையில நின்னு கேட்டுட்டு இருப்பேன்.”

உள்ளறைப் பக்கம் கை காட்டினார்.

“எந்தப் பொட்டியில இருக்குன்னு சொல்லும் பாப்பம்.”

எழுந்தேன். வந்துவிட்டேன்.

விளக்கம் இதுதான். 1998இல் நான் ஊருக்கு வரவில்லை. எங்கள் தெருவில் இருந்த குரூஸ் வாத்தியாரைத் தொலைபேசியில் கூப்பிட்டு, ஐந்து வீட்டுச் சீலையின் ஓரத்தில் இருந்த நேரத்தை வாசிக்கச் சொன்னேன். வாசித்தார். எழுதிக்கொண்டேன். நேரம் மட்டும். வாத்தியார் இறந்து பன்னிரண்டு ஆண்டு ஆகிறது.

தொடருக்கு அந்த ஆண்டு விருது கிடைத்தது.

ஏப்ரல் 27, திங்கள்

மழை இல்லை. மாத்திரை வாங்கினேன். மதினி வீட்டுக் கதவு சாத்தியிருந்தது.

ஏப்ரல் 28, செவ்வாய்

மதினியே ஆள் அனுப்பினார். போனபோது சீலை கட்டிலில் விரித்துக் கிடந்தது. மங்கிய வெள்ளை, மடிப்புகளில் மஞ்சள். ஐந்து வட்டம். ஒவ்வொன்றிலும் ஒரு கோடு.

எந்தக் கோடும் விளிம்பில் தொடங்கவில்லை. ஐந்தும் வட்டத்துக்குள், கால்வாசி தள்ளித் தொடங்கின. பதினாறு நிமிடத்தில் கால்வாசி நான்கு நிமிடம்.

“தொடக்கம் ஏன் உள்ள இருக்கு மதினி?”

என்னை ஏற இறங்கப் பார்த்தார்.

“தெரியாதமாரிக் கேக்கீரு.”

“தெரியாது.”

“சாவு விழுந்த துட்டி வீட்டுல எவ ஓய் சின்னவ மொதல்ல தொடுததப் பாப்பா? அவ வந்து கால்வாசி போன பொறவுதான் கரிய எடுக்கது. ஒரு வருசத்துக்கு அப்பிடித்தான். எங்க மாமியா, அதான் ஒம்ம அம்மா, சொல்லித் தந்தது. ஒமக்குத் தெரியாதா?”

தெரியாது. சீலை வரைவது பெண்கள் வேலை. சின்ன வயதில் எங்களை வெளியே துரத்திவிடுவார்கள். எங்கள் வீட்டில் ஒரு துட்டி ஆண்டு வந்தபோது நான் இங்கே இல்லை.

குரூஸ் வாத்தியாருக்குத் தெரியும். ஊர்க்காரனுக்கு இதைப் போய் எதற்கு விளக்க வேண்டும் என்று நினைத்திருப்பார். நேரத்தை மட்டும் வாசித்தார்.

மற்ற நான்கு சீலையையும் மாலைக்குள் பார்த்தேன். அதேதான். இருபத்தைந்து கோட்டில் ஒன்றுகூட விளிம்பைத் தொடவில்லை. கோடு தொடங்கும் இடத்திலிருந்து பின்னோக்கி அளந்தால் எல்லாமே அரை நிமிடத்துக்குள் சரியான நேரத்துக்கு வருகின்றன.

சின்னவள் அந்த ஆண்டு தாமதமாக வரவில்லை. எங்கள் தெரு தாமதமாக வரைந்தது.

ஏப்ரல் 29, புதன்

1992 நவம்பரில் சந்தன மாதா தோணி கவிழ்ந்தது. பதினோரு பேர், எல்லோரும் எங்கள் தெரு. பத்தொன்பது வீடு, எல்லாமே ஒன்றுக்கொன்று சொந்தம். தெரு முழுக்கத் துட்டி. ஐந்து சீலையை ஐந்து ஆதாரம் என்று எழுதினேன். அது ஒரே ஆதாரம். இத்தனை ஆண்டாக இளம் நிருபர்களிடம், ஒரு செய்திக்குத் ‘தனித்தனியாகத் தெரிந்துகொண்ட இருவர்’ வேண்டும் என்று படித்துப் படித்துச் சொல்லியிருக்கிறேன்.

உப்பளக் காலனிக்கு நடந்தேன். மூன்று கிலோமீட்டர். அங்கிருந்து யாரும் அந்தத் தோணியில் போகவில்லை. முத்துக்கனி என்ற அம்மாள் 1993ஆம் ஆண்டுச் சீலையை எடுத்துப் போட்டார். விளிம்பில் தொடங்குகிறது. ஐந்தும் நேரத்துக்கு.

“இத யாரும் வந்து கேக்கலியே” என்றார். “கடக்கரைத் தெருவுல பாத்தாப் போதும்னு விட்டுட்டாவ. உப்பு அள்ளுதவளுக்குக் கண்ணு தெரியாதோ என்னமோ.”

ஏப்ரல் 30, வியாழன்

நப்பின்னையைக் கூப்பிட்டு எல்லாவற்றையும் சொன்னேன். நேரில் பார்க்காமல் பார்த்ததாக எழுதியதையும் சொன்னேன். அதைச் சொல்ல நினைத்ததைவிட அதிக நேரம் பிடித்தது.

முழுவதையும் கேட்டார்.

“சார், கோபத்துல கேக்கல. இப்படி ஒரு வழக்கம் இருக்குன்னு எங்கயாவது எழுதியிருக்கா?”

“இல்ல.”

“ஊர்க்காரங்க சொல்றாங்க. ஊரை விட்டுப் போக விரும்பாத ஊர்க்காரங்க. குழு என்ன சொல்லும்னு யோசிச்சுப் பாருங்க. கோட்டை உள்ள தள்ளி ஆரம்பிச்சது அன்னிக்குக் கண்ணாடி சரியா வைக்காததாலகூட இருக்கலாம்.”

“உப்பளச் சீலை?”

“ஒரு சீலை சார். ஒண்ணுக்கு எதிரா அஞ்சு.”

ஐந்தும் ஒன்று என்றேன்.

“அப்ப ஒண்ணுக்கு ஒண்ணு” என்றார். பிறகு: “நீங்க சொல்றது தப்பா இருந்து, அது விழுந்துட்டா? நானூத்துப் பன்னெண்டு வீடு சார்.”

“தப்பா இருந்தா நானும் இங்கதான் இருப்பேன்.”

“அது ஆதாரம் இல்லையே.”

இல்லைதான்.

மே 2, சனி

கோமதிநாயகத்துக்குத் திருத்தம் அனுப்பினேன், பதினோரு வரி. பத்து நிமிடத்தில் கூப்பிட்டார்.

“என்ன அண்ணாச்சி இது? அடுத்த மாசம் எழுபத்தஞ்சாம் ஆண்டு மலர். ஒம்ம தொடரத்தான் முதல்ல போடுதோம். அட்டை அச்சுக்குப் போயாச்சி.”

“அட்டைய மாத்தும்.”

“பாக்காமப் பாத்தேன்னு எழுதினேம்னு நீரே எழுதிக் குடுத்தா நாளைக்கு ஒம்ம பேரு என்ன ஆவும்?”

“அது என் பேருதானவே. நான் பாத்துக்கிடுதேன்.”

“பத்திரிகை பேரும் இருக்குல்லா. ரெண்டு நாள் பொறும். சனங்க காலி பண்ணிட்டுப் போவட்டும். ஒண்ணும் விழலேன்னா நல்லதாப் போச்சின்னு திரும்பி வந்துருவாவ. எழுதினது அப்பிடியே கெடந்துட்டுப் போவுது.”

காலி செய்து போன கரைக்கு யாரும் திரும்பி வந்ததை நான் எழுதியதில்லை. முப்பத்தெட்டு ஆண்டில் மூன்று ஊர் காலியாவதை எழுதியிருக்கிறேன். அந்த இடங்களில் இப்போது என்ன நிற்கிறது என்றும் எழுதியிருக்கிறேன். அதைச் சொன்னேன். பொறும் என்றார். பொறுக்க மாட்டேன் என்றேன். வைத்துவிட்டார்.

மே 3, ஞாயிறு

திருத்தத்தைக் கையால் எழுதிக் கோயில் அறிவிப்புப் பலகையில் ஒட்டினேன். பூசை முடிந்து வந்தவர்கள் நின்று வாசித்தார்கள். ஒருவர் மட்டும், அறுபது வயதிருக்கும், அடையாளம் தெரியவில்லை, என் காலடியில் துப்பிவிட்டுப் போனார். அவர் அப்பா அந்தப் பதினோரு பேரில் ஒருவர் என்று பாதிரியார் பிறகு சொன்னார்.

மதினி கடைசி வரை வாசித்தார்.

“வாத்தியாரு பேர எழுதியிருக்கீரு.”

“ஆமா.”

“அத அடியும். செத்த மனுசன் வந்து சாச்சி சொல்லவா போறாரு? தப்பு ஒம்மது.”

அடித்தேன்.

மே 5, செவ்வாய்

துணை ஆட்சியர் வந்தார். நல்ல மனிதராகத்தான் தெரிகிறார். குடை இல்லாமல் வெயிலில் நின்று பேசினார். 11ஆம் தேதி முதல் பேருந்துகள் தெருவிலேயே நிற்கும், விருப்பப்பட்டவர்கள் ஏறலாம், 15க்குப் பிறகு விருப்பம் கேட்கப்படாது என்றார். என் திருத்தத்தைக் குழுவுக்கு அனுப்பினாரா என்று கேட்டேன். அனுப்பினாராம். ‘வாய்மொழித் தகவல், பதிவு செய்யப்பட்டது’ என்று பதில் வந்திருக்கிறது.

“ஐயா, எனக்கு உத்தரவுதான் ஆதாரம்” என்றார்.

மதினி கேட்டார்: “கடல்ல புயல்னு சொன்னா நாங்க ஊர விட்டுப் போவாம இருந்திருக்கமா? உள்ளதுக்குப் போவோம். எங்க துட்டிய வச்சி எங்களையே வெரட்டுதியளே, இது எந்த ஊர் ஞாயம்?”

அவர் குறித்துக்கொண்டார்.

மே 7, வியாழன்

11ஆம் தேதி ஒரு கடப்பு இருக்கிறது. காலை 10.08. ஏன் இதை முன்பே நினைக்கவில்லை?

இப்போது ஊரில் துட்டி வீடு எது என்று மதினியிடம் கேட்டேன். எதிர்வீடு. ஞானப்பிரகாசி. கணவர் பிப்ரவரியில் நெஞ்சுவலியில் போனார்.

நப்பின்னையைக் கூப்பிட்டேன். “எழுதி வைக்கலேன்னு சொன்னீங்க. வந்து பாருங்க. எதிரெதிர் வீடு. ஒண்ணு துட்டி, ஒண்ணு இல்ல. ரெண்டுலயும் ஆள் நிறுத்துங்க.”

“நீங்க அவங்ககிட்ட எதுவும் சொல்லாம இருக்கணும். எப்ப ஆரம்பிக்கணும், எப்படின்னு, எதுவும்.”

“நான் சொல்லி அவங்க கேட்டு எத்தன வருசமாச்சி” என்றேன். முதல் தடவையாகச் சிரித்தார். வருவதாகச் சொன்னார்.

மே 9, சனி

வேட்டி துவைத்தேன். உப்புத் தண்ணீரில் விறைத்துக்கொண்டது. ஞானப்பிரகாசி ஆட்களை உள்ளே விடுவாரா, அன்று வரைவாரா என்று எனக்குத் தெரியாது. கேட்கக் கூடாது. ஒரு கேள்வியைக் கேட்காமல் வைத்திருப்பது இந்த வயதில் புதிது.

மே 11, திங்கள்

உள்ளதை உள்ளபடி, நேர வரிசையில்.

8.50. எட்டுப் பேருந்துகள் வந்தன. நான்கு எங்கள் தெருவில் நின்றன. யாரும் ஏறவில்லை.

9.15. நப்பின்னை இரண்டு உதவியாளர்களோடு வந்தார். நொடி காட்டும் மூன்று கடிகாரம்.

9.30. பேருந்துகள் எதிர்ச்சுவர்க் கண்ணாடிகளிலிருந்து வரும் வெளிச்சத்தை மறைப்பது தெரிந்தது. எந்த வீட்டுச் சீலையிலும் வட்டம் விழவில்லை. மதினி முதல் வண்டியின் ஓட்டுநரிடம் போனார்.

“தம்பி, வண்டிய எடு.”

“ஏறுறதுக்குத்தாம்மா வண்டி. எடுக்கச் சொல்லி உத்தரவு இல்ல.”

“ஏறுத ஆளு இருந்தா நிறுத்து. ஆளில்லாத வண்டிக்கு எங்க தெரு நெழல் குடுக்கணுமோ?”

“பெரியம்மா, எனக்கு வேலை போயிரும்.”

“எங்களுக்கு ஊரே போவுதுல, ஒனக்கு வேலதான?”

ஒரு பெண் பேருந்தின் பக்கக் கண்ணாடியிலேயே ஓட்டைக் காகிதத்தை ஒட்டிப் பார்த்தாள். அது வளைந்த கண்ணாடி. வெளிச்சம் சிதறிக் கோழிக்கூண்டில் போய் விழுந்தது. தெரு முழுக்கச் சிரிப்பு. ஓட்டுநரும் சிரித்துவிட்டார்.

“அப்படி என்னதாம்மா பாக்கப் போறீங்க?”

“வண்டிய எடுத்துட்டு வந்து பாரு.”

9.52. எடுத்தார். மற்ற மூவரும் பின்னாலேயே எடுத்தார்கள். துணை ஆட்சியர் கோயில் பக்கம் பார்த்துக்கொண்டு நின்றார். பார்க்கவில்லை என்று சொல்ல வசதியாக இருக்கும்.

10.00. நான் மதினி வீட்டில் நின்றேன், நப்பின்னையோடு. வெளியே போ என்று யாரும் சொல்லவில்லை. உதவியாளர்கள் எதிரே ஞானப்பிரகாசி வீட்டில். ஓட்டுநர் வாசலில். சீலையில் வட்டம் நடுங்கிக்கொண்டு கிடந்தது.

10.08. விளிம்பில் ஒரு கறுப்பு. மதினியின் கரி அதே கணத்தில் சீலையைத் தொட்டது. நப்பின்னையின் கடிகாரம்: 10.08.12. கரி மிளகின் பின்னால் மெதுவாக நகர்ந்தது. ஓட்டுநர் ‘அடேயப்பா’ என்றார். இதை நான் பிறந்த ஊரில், அறுபத்தைந்து வயதில், முதல் தடவையாகப் பார்க்கிறேன்.

தெருவைத் தாண்டி எதிர்வீட்டு அறை தெரிந்தது. ஞானப்பிரகாசி சீலைக்கு முன்னால் உட்கார்ந்திருந்தார். கரி மடியில். கண் தரையில். உதவியாளர் ஒருத்தி ‘அம்மா வந்துடுச்சு, வந்துடுச்சு’ என்று சொன்னது இங்கே கேட்டது. அவர் நிமிரவில்லை.

ஒரு நிமிடம். இரண்டு. மூன்று. நப்பின்னை தன் கடிகாரத்தைப் பார்ப்பதை விட்டுவிட்டு அந்த அம்மாளையே பார்த்துக்கொண்டிருந்தார்.

எதிர்வீட்டுக் கடிகாரம்: 10.12.09.

நிமிர்ந்தார். கரியை எடுத்தார். வட்டத்தின் உள்ளே, கால்வாசியில் வைத்தார்.

10.24. முடிந்தது. மதினி ஓரத்தில் 10.08 என்று எழுதினார். ஞானப்பிரகாசி 10.12 என்று எழுதினார். இரண்டு சீலையையும் நப்பின்னை பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தார். பிறகு ஞானப்பிரகாசியிடம் எதையோ கேட்க வாயெடுத்து, கேட்காமல், அவர் கையைப் பிடித்துக்கொண்டார்.

வாசலுக்கு வந்து என்னிடம் சொன்னது: “அந்தத் துண்டு என்னன்னு இப்பத் தெரியுது சார்.”

மே 12, செவ்வாய்

நப்பின்னை காலை 9.40க்குத் தன் கணிப்பைத் திரும்பப் பெறுவதாகக் குழுவுக்கு எழுதினார். நகலை எனக்கு அனுப்பியிருக்கிறார். நான்காம் பத்தியில் ‘பிழை என்னுடையதும்’ என்று இருக்கிறது. தேவையில்லை என்றேன். எடுக்க மாட்டேன் என்கிறார்.

குழுத் தலைவரின் பதில் மதியம்: ஒருவர் திரும்பப் பெற்றதால் குழுவின் முடிவு மாறாது. குழு கூடிப் பேசும். அதுவரை உத்தரவு உத்தரவுதான்.

பந்தலில் வாசித்துக் காட்டினேன். யாரோ கத்தினார்கள்: “நாங்களும் அதுவரைக்கும் நாங்கதான்!” மூன்று பேர் புதிதாக வலை பின்ன உட்கார்ந்தார்கள்.

கோமதிநாயகத்துக்குத் திருத்தம் மறுபடியும் போனது. கூடவே ஒரு வரி: மலரில் தொடர் வந்தால், அதே கோயில் பலகையில் அதையும் ஒட்டி, பக்கத்தில் இதையும் ஒட்டுவேன். மதுரையிலும் ஒட்டுவேன்.

மே 13, புதன்

மதினி சோறு போட்டார். சாளைக் குழம்பு. முதல் தடவையாக உள்ளே, சமையலறையில் உட்கார வைத்தார். பாதியில் கேட்டார்.

“ஏன் வரல?”



தோணி கவிழ்ந்த அன்று நான் அலுவலகத்தில் இருந்தேன். பெயர்கள் தொலைபேசியில் வந்தன. நான்தான் எழுதினேன். பதினோரு பெயர், வயதோடு. ஏழாவது, அண்ணன்: சவரியப்பன், 38. எழுத்துப் பிழை பார்த்தேன். அச்சுக்கு அனுப்பினேன். மறுநாள் ஒரு தேர்தல் கூட்டத்துக்குப் போனேன். இவ்வளவும் நடந்தது. ஏன் என்பது இதில் எங்கேயும் இல்லை.

“தெரியல மதினி.”

“தெரியலேன்னா யோசிச்சிச் சொல்லும். சும்மா எழுதிராதீரு, யோசிச்சிச் சொல்லும்.” தட்டில் இன்னொரு மீன் வைத்தார். “திங்கும். ஆறிரும்.”

மே 14, வியாழன். மாலை 6.15

இந்த நேரம் வரை நிலுவையில் இருப்பவை:

வெளியேற்ற உத்தரவு ரத்தாகவில்லை. நாளை காலை எட்டுக்குப் பேருந்துகள் காவலர்களோடு வரும் என்று துணை ஆட்சியர் அலுவலகம் உறுதிப்படுத்தியது. ஏறுவதில்லை என்று 412 குடும்பங்களும் எழுதிக் கொடுத்துவிட்டன. கடைசித் தாளில் ஓர் ஒற்றை ஆளின் கையெழுத்தும் இருக்கிறது, முகவரி: பாதிரியார் வீட்டு வெளியறை. கொடுத்த கையெழுத்தை யாரும் திரும்பக் கேட்கவில்லை.

வான்பொருள் இடர்க் குழு மே 22, வெள்ளி, பிற்பகல் மூன்று மணிக்குக் கூடுகிறது. நப்பின்னை சீலைகளோடு போகிறார். முத்துக்கனி தன் சீலையைத் தானே கொண்டுவருவேன், யார் கையிலும் தர மாட்டேன் என்கிறார்.

திருத்தம் ஞாயிறு, 17ஆம் தேதி, ஏழாம் பக்கத்தில் வரலாம் என்கிறார் கோமதிநாயகம். ‘வரலாம்’ என்பதைத்தான் சொன்னார்.

சலேத் மதினி கேட்டதற்குப் பதில் இன்னும் தரப்படவில்லை. அடுத்த கடப்பு வரை பொறுப்பதாகச் சொல்லியிருக்கிறார். அது ஜூன் 30, செவ்வாய், காலை 9.17.